உறக்கம் நாட்காட்டி ஆகுமா?

நான் சிறுவனாயிருந்தபோது ஒரு மழைநாள் பிற்பகலில், எங்கள் லயத்து வீட்டு வாசலில் பாய் விரித்துப் படுத்து அயர்ந்து உறங்கிவிட்டேன். கண் விழித்தபோது வானம் மங்கலாய் இருந்தது. லயத்தின் மேல் அடுப்புப் புகை படர்ந்திருந்தது. பள்ளிக்கு நேரமாகிவிட்டது என்று பதறி எழுந்து, பற்பொடியைக் கையில் கொட்டிக்கொண்டு குழாயடிக்கு ஓடினேன். தண்ணீர் பிடிக்க நின்ற பெண்களிடையே என் அம்மாவும் இருந்தார். "ஏன்டா, எந்த ஊருக்கு இப்போ பொழுது விடிஞ்சிருக்கு?" என்று கேட்டார். குழாயடியே சிரித்தது. அப்போது மாலை ஆறு மணி.

இவ்வாறு ஏமாறாத பிள்ளைகள் நம்மிடையே அரியர். நகைப்புக்குரியதாகத் தோன்றும் இந்நிகழ்ச்சியில் ஆராய்தற்குரிய செய்தி ஒன்று உண்டு. அச்சிறுவன் கண்மூடித்தனமாக ஓடவில்லை. ஒரு கணக்கின்படியே ஓடினான். 'ஒரு முறை உறங்கி எழுந்தால் ஒரு நாள் கழிந்தது' என்பதே அவன் கணக்கு. அக்கணக்கு எந்த அளவிற்குச் சரியானது? உறக்கத்தையும் கனவையும் அளவுகோலாகக் கொண்டு ஒரு நாட்காட்டி வகுக்க இயலுமா? இவ்வினா விளையாட்டாகத் தோன்றினும் இதன் விடை நம் வகுப்பறைகளுக்குப் பயன்படுவதாகும்.

துயில் நாட்காட்டி

அத்தகைய நாட்காட்டி ஒன்றை நாமே கற்பனையாக வகுத்துப் பார்ப்போம். ஓர் உறக்கத்திற்கு 'ஒரு துயில்' என்று பெயரிடுவோம். ஏழு துயில் ஒரு வாரம். முப்பது துயில் ஒரு மாதம். துயிலுக்குள் சிறு பிரிவு வேண்டுமாயின் கனவுகளை எண்ணிக்கொள்ளலாம். முதற்கனா, இரண்டாங்கனா, கடைக்கனா என்று அவற்றிற்குப் பெயரும் இடலாம். இந்நாட்காட்டிக்குக் கதிரவன் வேண்டுவதில்லை, திங்கள் வேண்டுவதில்லை, பஞ்சாங்கமும் வேண்டுவதில்லை. அவரவர் உடம்பே போதும்.

சிறு பிள்ளைகள் இக்கணக்கைத்தான் கையாளுகின்றனர். "தீபாவளிக்கு இன்னும் எத்தனை ராத்திரி இருக்கு?" என்று கேட்கும் குழந்தை உண்மையில் துயில்களை எண்ணுகின்றது. ஆசிரியர் பயிற்சிக் கல்லூரியில், சுவிட்சர்லாந்து நாட்டு உளநூலறிஞர் பியாஜேயின் கருத்துக்களை நாங்கள் பயின்றோம். காலம் என்னும் கருத்து பிள்ளையின் உள்ளத்தில் முழுமையாக முன்னரே அமைந்திருப்பதன்று, சிறுகச் சிறுகக் கட்டப்படுவது என்பது அவற்றுள் ஒன்று. அக்கட்டடத்தின் முதற்செங்கற்களுள் உறக்கமும் ஒன்று எனலாம்.

ஆனால் இக்கணக்கை ஊர் முழுமைக்கும் விரித்தால் என்ன ஆகும்? சிவராத்திரியில் கண் விழித்தவருக்கு ஒரு நாள் இல்லாமற் போய்விடும். காய்ச்சலில் கிடந்து பகலிலும் உறங்கியவருக்கு ஒரு நாள் கூடிவிடும். பிறந்த குழந்தை ஒரே நாளில் பலமுறை உறங்குகின்றது. துயில் கணக்கின்படி அது சில ஆண்டுகளிலேயே தன் அண்ணனைவிட மூத்ததாகிவிடும்! ஒரே வீட்டில் தந்தைக்குத் திங்கட்கிழமை, தாய்க்குச் செவ்வாய், மகனுக்கு ஞாயிறு என்றால், சந்தை கூடுவது எங்ஙனம்? கிராணியார் செக்ரோலில் பேர் போடுவது எங்ஙனம்?

நாட்காட்டியின் முதல் இலக்கணம் இதனால் புலப்படும். அது ஒருவருடைய கணக்காக இருத்தல் போதாது. பலர்க்கும் பொதுவான கணக்காக இருத்தல் வேண்டும்.

விழித்திருந்து எண்ணியவர்

நம் முன்னோர் இதனை நன்கு அறிந்திருந்தனர். மாலை, யாமம், வைகறை, காலை, நண்பகல், எற்பாடு என அவர்கள் நாளை ஆறு சிறுபொழுதுகளாகப் பகுத்தனர். ஒவ்வொன்றும் பத்து நாழிகை. நாள் ஒன்றுக்கு அறுபது நாழிகை. ஒரு நாழிகை இருபத்து நான்கு நிமிடம். இப்பகுப்பில் உறக்கத்திற்குரிய யாமமும் இடம்பெறுகின்றது. ஆயினும் யாமத்தை அளந்தது உறக்கம் அன்று. அளப்பதற்கென்றே தனியாக ஆட்கள் இருந்தனர்.

பத்துப்பாட்டுள் ஒன்றாகிய முல்லைப்பாட்டில் பாசறைக் காட்சி ஒன்று வருகின்றது. அங்கே நாழிகைக் கணக்கர், வட்டிலில் இருக்கும் நீரைக் கண்டு பொழுதை அளந்து, சென்ற நாழிகை இவ்வளவு என்று இரவில் அரசனிடம் அறிவிக்கின்றனர். படைவீரர் உறங்கினாலும் கணக்கர் உறங்குதல் கூடாது. ஓர் இரவை எண்ண வேண்டுமாயின் எவரேனும் ஒருவர், அல்லது ஏதேனும் ஒரு பொருள், விழித்திருத்தல் வேண்டும். உறங்குபவனால் தன் உறக்கத்தின் நீளத்தை அறிய இயலாது. துயில் நாட்காட்டியின் பெருங்குறை இதுவேயாகும்.

குகைக்குள் இரு முயற்சிகள்

இது வெறும் கற்பனை வாதம் அன்று. இந்நூற்றாண்டிற்கு முந்திய நூற்றாண்டில் அறிஞர் சிலர் இதனைத் தம் உடம்பிலேயே சோதித்துப் பார்த்தனர்.

அமெரிக்காவில், சிக்காகோ பல்கலைக் கழகத்து நத்தானியல் கிளைட்மன் என்பவர் உறக்க ஆராய்ச்சிக்கு வழிகாட்டிய முன்னோடி. 1938-ஆம் ஆண்டில் அவரும் அவர் மாணவர் புரூஸ் ரிச்சர்ட்சனும் கெண்டக்கி மாநிலத்து மாமத் குகைக்குள் இறங்கி 32 நாள் தங்கினர். அங்கே பகலில்லை, இரவில்லை, குளிரும் மாறுவதில்லை. அவர்கள் தமக்கெனப் புதிய நாள் ஒன்றை வகுத்துக்கொண்டனர். அந்நாளுக்கு 28 மணி. அவற்றுள் 9 மணி உறக்கத்திற்கு உரியது.

28 என்னும் எண்ணை அவர்கள் ஏன் தேர்ந்தனர்? கணக்கு ஆசிரியர்கள் இதனை மாணவரிடம் வினவலாம். இருபத்தெட்டை ஆறால் பெருக்கினால் 168. இருபத்து நான்கை ஏழால் பெருக்கினாலும் 168. உலகத்தார்க்கு ஏழு நாள் கொண்ட வாரம் குகையில் இருந்தவர்க்கு ஆறு நாளாயிற்று. உறக்கத்தை அடிப்படையாக வைத்து மெய்யாகவே வகுக்கப்பட்ட வாரம் இது. முடிவு யாது? இளைஞராகிய ரிச்சர்ட்சனின் உடல் வெப்பம் ஏறி இறங்கும் முறை 28 மணிக்குப் பழகிவிட்டது. நாற்பதைக் கடந்த கிளைட்மனின் உடம்போ இசையவில்லை. அது பழைய 24 மணிக் கணக்கையே விடாது பற்றிக்கொண்டது. ஒரே குகையில், ஒரே கட்டளையின்கீழ் வாழ்ந்த இருவரிடத்தும் நாட்காட்டி ஒன்றாக இல்லை.

இரண்டாம் முயற்சி இன்னும் வியப்பானது. மிசேல் சீஃபர் என்னும் பிரெஞ்சு நாட்டு இளைஞர் 1962-ஆம் ஆண்டு சூலை 16-ஆம் நாள், ஆல்ப்ஸ் மலைத்தொடரிலுள்ள ஸ்கராசோன் என்னும் ஆழ்ந்த குகையில் இறங்கினார். அப்போது அவருக்கு வயது 23. கடிகாரம் எடுத்துச் செல்லவில்லை. விழிக்கும்போதும் உண்ணும்போதும் உறங்கப் போகும்போதும் தொலைபேசியில் மேலே இருப்பவர்க்குச் சொல்வார், அவர்கள் குறித்துக்கொள்வார்கள். ஆனால் பொழுது என்ன என்று அவருக்குச் சொல்லமாட்டார்கள். அவர் தம் உறக்கங்களை எண்ணித் தேதியைக் கணித்து வந்தார். நாம் மேலே கற்பனை செய்த துயில் நாட்காட்டிக்கும் இதற்கும் வேறுபாடு மிகுதியில்லை.

செப்டம்பர் 14-ஆம் நாள் அவரை மேலேற்ற வந்தனர். சீஃபரின் கணக்கில் அன்று ஆகஸ்டு 20. இருபத்தைந்து நாட்கள் அவர் ஏட்டிலிருந்து மறைந்துவிட்டன. ஒன்றிலிருந்து நூற்றிருபது வரை நொடிக்கு ஒன்றாக எண்ணுமாறு சொன்னபோது, இரண்டு நிமிடத்தில் முடிக்க வேண்டியதை முடிக்க அவருக்கு ஐந்து நிமிடம் ஆயிற்று.

மேலே குறித்து வைத்த குறிப்புகளை ஆராய்ந்தபோது ஓர் உண்மை வெளிப்பட்டது. சீஃபரின் உடம்பு ஏறத்தாழ இருபத்து நான்கரை மணிக்கு ஒரு முறை ஒழுங்காகவே உறங்கி விழித்திருந்தது. உடம்பு தவறவில்லை, எண்ணிய மனந்தான் தவறியது. முழு இரவு உறக்கம் சிலவற்றைச் சிறு கண்ணயர்வு என்று கருதி அவர் எண்ணாது விட்டார். குழாயடிக்கு ஓடிய சிறுவனோ சிறு கண்ணயர்வை முழு இரவென்று எண்ணினான். இருவரும் ஒரே பிழையின் இரண்டு முனைகளில் நிற்கின்றனர்.

கனவு மணி காட்டுமா?

இனி, கனவைக் கொண்டு பொழுதைப் பிரிக்கலாமோ என்பதைக் காண்போம். தமிழர் கனவைப் புறக்கணித்தவர் அல்லர். திருக்குறளில் கனவுநிலை உரைத்தல் என ஓர் அதிகாரம் உண்டு. சிலப்பதிகாரத்தில் கனாத்திறம் உரைத்த காதை உண்டு. கனவின் பயனைக் கூறுவதற்கென்றே கனாநூல் என்னும் சிறு நூலும் எழுந்தது. முதற்சாமத்துக் கனவு பலிக்க ஓராண்டாகும், விடியற்கனவு விரைவிற் பலிக்கும் என்பது நம் பாட்டிமார் வாய்மொழி. இதில் ஒன்றைக் கூர்ந்து நோக்கல் வேண்டும். அவர்கள் சாமத்தைக் கொண்டு கனவை அளந்தனரேயன்றிக் கனவைக் கொண்டு சாமத்தை அளக்கவில்லை.

ஆயினும் கனவுக்கும் ஓர் ஒழுங்கு உண்டென்பது பிற்காலத்தில் தெரியவந்தது. முன்னே குறிப்பிட்ட கிளைட்மனும் அவர் மாணவர் யூஜின் அசெரின்ஸ்கியும் 1953-ஆம் ஆண்டில் ஓர் ஆய்வுரை வெளியிட்டனர். உறங்குவோரின் கண்விழிகள் மூடிய இமைக்குள் சில வேளைகளில் விரைந்து அசைகின்றன. அவ்வேளையில் எழுப்பினால் பெரும்பாலோர் கனவு கண்டதாகக் கூறுகின்றனர் என்பது அதன் சாரம். இவ்வசைவு ஏறத்தாழ 90 நிமிடத்திற்கு ஒரு முறை, ஓர் இரவில் நான்கைந்து முறை வருகின்றது என்பதும் பின்னர் உறுதியாயிற்று.

அவ்வாறாயின் கனவு ஒரு நாழிகை வட்டில் ஆகாதோ? ஆகாது. முன்னிரவுக் கனவுப்பொழுது சில நிமிடங்களில் முடிந்துவிடும். விடியலை நெருங்க நெருங்க அது நீண்டுகொண்டே செல்லும். அளவு மாறிக்கொண்டே இருக்கும் முழக்கோலால் துணி அளக்க முடியுமா? மேலும், இடையில் விழித்தாலன்றி முன்னிரவுக் கனவுகளில் பெரும்பான்மையானவை நினைவில் நிற்பதில்லை. விடியலில் கனவு நீள்வதாலும், அதன் நடுவே அல்லது முடிவில் நாம் விழித்துக்கொள்வதாலும் அதுவே மனத்தில் தங்குகின்றது. விடியற்கனவுக்கு நம் முன்னோர் தனிச்சிறப்புக் கொடுத்ததற்கு இதுவும் ஒரு காரணமாய் இருந்திருக்கலாம்.

பதினொரு நிமிடத்தின் கதை

மனம் எண்ணுவதில்தான் தவறு என்றால், உடம்பின் கணக்கையே நேராக எடுத்துக்கொண்டால் என்ன? அமெரிக்காவில் ஹார்வர்டு பல்கலைக் கழகத்தைச் சார்ந்த சார்லஸ் சைஸ்லரும் அவர் துணைவரும் 1999-இல் வெளியிட்ட ஆய்வில், மனித உடம்பின் நாள் சராசரியாக 24 மணியும் ஏறத்தாழ 11 நிமிடமும் கொண்டது என்று கண்டனர். மிகச் சிறந்த கடிகாரம் அன்றோ! ஆனால் நாள்தோறும் 11 நிமிடம் பிந்தினால் ஓராண்டில் எவ்வளவு ஆகும்? 365-ஐ 11-ஆல் பெருக்கினால் 4,015 நிமிடம். அஃதாவது ஏறக்குறைய மூன்று நாள். கதிரவனைக் காணாது உடம்பை மட்டும் நம்பியிருப்பவன் ஆண்டுக்கு மூன்று நாள் பின்தங்குவான்.

வரலாற்றில் இன்னொரு பதினொரு நிமிடமும் உண்டு. உரோமாபுரியின் சூலியசு சீசர் ஏற்படுத்திய நாட்காட்டியில் ஆண்டு ஒன்றுக்கு ஏறத்தாழ 11 நிமிடம் மிகையாயிருந்தது. அச்சிறு பிழை பல நூற்றாண்டுகளில் பெருகிப் பத்து நாளாயிற்று. ஆதலால் 1582-ஆம் ஆண்டில் போப்பாண்டவர் பதின்மூன்றாம் கிரகோரி அதனைத் திருத்தினார். அத்திருத்தத்தை உடனே ஏற்ற நாடுகளில் அக்டோபர் 4-க்கு மறுநாள் அக்டோபர் 15 ஆயிற்று. ஆண்டுக்குப் பதினொரு நிமிடப் பிழைக்கே உலகம் நாட்காட்டியை மாற்றியது. நம் உடம்போ நாளுக்குப் பதினொரு நிமிடப் பிழையுடையது. அப்பிழையை ஒவ்வொரு நாளும் திருத்துவது யார்? கதிரவனே. காலை ஒளி கண்ணில் புகும்போது உடம்பின் கடிகாரம் திரும்பவும் சரிசெய்யப்படுகின்றது.

தூங்குமூஞ்சி மரமும் ஐந்து மணியும்

இவ்வுட்கடிகாரம் மனிதர்க்கே உரியதன்று. 1729-ஆம் ஆண்டிலேயே பிரெஞ்சு வானநூலறிஞர் தெ மேரான் என்பார், தொட்டாற்சுருங்கிச் செடி ஒன்றை இருட்டில் வைத்துப் பார்த்தார். வெளிச்சம் இல்லாதபோதும் அதன் இலைகள் பகற்பொழுதில் விரிந்தன, இரவுப்பொழுதில் குவிந்தன.

எங்கள் பள்ளித் திடலில் பெரிய தூங்குமூஞ்சி மரம் ஒன்று நிற்கின்றது. மாலையில் இலைகளை மடக்கி உறங்குவதால் தமிழர் அதற்கு அப்பெயர் இட்டனர். மலாய்க்காரர் அதனைப் 'பூக்குல் லீமா' என்பர். ஐந்து மணி என்பது அதன் பொருள். தமிழ்ப் பெயர் உறக்கத்தைக் கொண்டது. மலாய்ப் பெயர் கடிகாரத்தைக் கொண்டது. இவ்விரு பெயருக்கும் இடையே இந்நாட்டில் ஒரு நூற்றாண்டாகப் போராட்டம் நடந்து வருகின்றது எனலாம்.

மலாயாவிலும் சிங்கப்பூரிலும் 1905-ஆம் ஆண்டு முதல் கிரீனிச்சுக்கு ஏழு மணி முந்திய நேரம் வழங்கியது. 1933-இல் கடிகாரத்தை 20 நிமிடம் முன்தள்ளினர். 1941-இல் மேலும் 10 நிமிடம். 1942-இல் ஜப்பானியர் வந்து தோக்கியோ நேரத்தைப் புகுத்தினர்; கடிகாரம் ஒன்றரை மணி முந்தியது. ஆண்டுக்கணக்கும் மாறி 2602 என்றாயிற்று. 1945-இல் பழைய நேரம் மீண்டது. 1982-ஆம் ஆண்டு சனவரி முதல் நாள், சபா சரவாக் மாநிலங்களின் நேரத்தோடு ஒத்திருக்கும்பொருட்டுத் தீபகற்ப மலேசியாவின் கடிகாரம் அரைமணி முன்தள்ளப்பட்டது; சிங்கப்பூரும் அவ்வாறே செய்தது. 1932-இல் ஐந்து மணி எனப்பட்ட பொழுது இன்று ஆறு மணி. மரமோ இவற்றுள் எதனையும் அறியாது. கதிரவனைக் கேட்டே உறங்கி விழிக்கின்றது.

1982-இல் நான் தொடக்கப்பள்ளி மாணவன். எங்கள் லயத்தில் சில காலம் 'பழைய மணி', 'புது மணி' என இரண்டு வழங்கின. ரப்பர் மரம் வெட்டுவது குளிர்ந்த விடியற்பொழுதிலேயே. வெயில் ஏறினால் பால் ஓட்டம் குறைந்துவிடும். ஆதலால் பால்வெட்டுக்காரர் மரத்தின் மணியைப் பார்த்தனர். "கடியாரத்துக்குத்தான் அரைமணி கூடிச்சு, மரத்துக்குக் கூடல" என்பார் என் அம்மா.

வகுப்பறையில் ஒரு நாள்

தீபகற்ப மலேசியாவில் இன்று கதிரவன் எழுவது ஏழு மணியை ஒட்டியே. சில மாதங்களில் அதற்கும் பிந்தியே. ஏழரை மணியளவில் முதல் மணி அடிக்கும் பள்ளிக்கு வர, தொலைவிலிருந்து பேருந்தில் வரும் பிள்ளை ஐந்து, ஐந்தரைக்கே எழுதல் வேண்டும். அவன் உடம்பின் கணக்கில் அது இரவின் கடைக்கூறு. கனவு நீளும் பொழுது. எழுப்பப்படுவது உடம்பு மட்டும் அன்று. முடியாத கனவும் கலைக்கப்படுகின்றது.

சில ஆண்டுகளுக்கு முன் நான்காம் ஆண்டு மாணவன் ஒருவன் முதற்பாடத்தில் நாள்தோறும் உறங்கினான். நான் அவனை எழுப்பி நிறுத்தி, "இன்று என்ன கிழமை? அதையாவது சொல்" என்று கேட்டேன். அவன் கண்ணைக் கசக்கிக்கொண்டு, "தெரியல ஐயா. எனக்கு இன்னும் நேத்தே முடியல" என்றான். வகுப்பு சிரித்தது. நானும் சிரித்தேன். அப்பாடம் முடியும்வரை அவனை நிற்கவைத்தேன்.

பின்னர் ஒரு நாள் அவன் பாட்டி வந்து சொன்னபோதுதான் உண்மை தெரிந்தது. தாய்க்குத் தொழிற்சாலையில் இரவு வேலை. கைக்குழந்தையாகிய தங்கையை இரவெல்லாம் அவனே தொட்டிலாட்டிப் பார்த்துக்கொள்வான். தாய் வந்த பிறகு சிறிது கண்ணயர்ந்தால் உண்டு; இல்லையேல் இல்லை. அவன் கூறியது குறும்பு அன்று, முழு உண்மை. உறங்காதவனுக்கு நேற்று முடிவதில்லை. குழாயடியில் என்னைப் பார்த்துச் சிரித்தவர்கள் என்னைத் தண்டிக்கவில்லை. நானோ சிரித்ததோடு நில்லாமல் தண்டித்தும் விட்டேன்.

மறுநாள் முதல் அவனை நூலகத்து மூலையில் முதற்பாடவேளை உறங்கவிட்டோம். தவறிய பாடத்தை இடைவேளைக்குப்பின் ஓர் ஆசிரியை சொல்லிக்கொடுத்தார். தாயின் வேலை முறை மாறும்வரை இவ்வேற்பாடு நடந்தது. நான் அவனிடம் மன்னிப்புக் கேட்டேன். அவன் அதனைப் பொருட்படுத்தியதாகத் தெரியவில்லை. தங்கைக்குப் பல் முளைத்த செய்தியைச் சொன்னான்.

ஆசிரியப் பெருமக்களே, உறக்கம் நாட்காட்டி ஆகாது. அது ஆளுக்கு ஆள் மாறுவது, எண்ணுவோரை ஏமாற்றுவது, ஊரைச் சேர்த்து வைக்கும் ஆற்றல் அதற்கு இல்லை. பொது நாட்காட்டியும் பள்ளி மணியும் நமக்கு வேண்டும். ஆயினும் ஒவ்வொரு பிள்ளையும் தனக்குள் ஒரு சிறிய துயில் நாட்காட்டியைச் சுமந்துகொண்டே வகுப்பிற்கு வருகின்றது என்பதை நாம் மறத்தல் கூடாது. நாளும் கிழமையும் கற்பிக்கும் பாடத்தில், மாணவர் ஒவ்வொருவரும் இரண்டு வாரத்திற்குத் தாம் உறங்கிய பொழுதையும் விழித்த பொழுதையும் ஓர் ஏட்டில் குறித்து வரச் செய்யுங்கள். கூட்டல், கழித்தல், சராசரி மூன்றும் அதில் அமையும். நாழிகை, சிறுபொழுது முதலிய சொற்களையும் அதனோடு கற்பிக்கலாம். அவ்வேட்டைத் திருத்தும்போது நாமும் சிலவற்றைக் கற்றுக்கொள்வோம்.

முதற்பாடத்தில் தலை கவிழ்ந்து உறங்கும் பிள்ளையை எழுப்புமுன், அவனுக்கு நேற்று முடிந்துவிட்டதா என்று ஒரு முறை கேட்டுப் பாருங்கள்.